கந்தக மலையில் ஓரிரவு

முப்பத்திரண்டு ஆண்டுகள் பாடசாலையில் இரசாயனவியல் கற்பித்தவன் நான். ஆண்டுக்கு ஒருமுறை ஆய்வுகூட அலுமாரியிலிருந்து ஒரு கண்ணாடிப் போத்தலை எடுத்து, அதனுள் இருந்த மஞ்சட் கட்டியை மாணவருக்குக் காட்டி, "இது கந்தகம், இதன் அணுவெண் 16, சாரணுத்திணிவு 32, ஏறத்தாழ 115 பாகையில் உருகும், நீலச் சுவாலையுடன் எரியும்" என்று ஒப்புவிப்பது என் வழக்கம். மாணவர் எழுதிக்கொண்டனர், பரீட்சையில் திருப்பி எழுதினர், பின்னர் மறந்தனர். அக்கட்டி எங்கிருந்து வந்தது, எவர் தோளிலேறி வந்தது என்று அவர்களுள் ஒருவரும் கேட்டதில்லை. கேட்கவேண்டிய கேள்வி அது என்று எனக்கும் தோன்றியதில்லை. ஓய்வுபெற்ற பின்னர், 2019 ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதத்தில், யாவாத் தீவின் கிழக்கு முனையிலுள்ள இஜென் எரிமலையின் வாய்க்குள் இறங்கி நின்றபொழுதுதான் அக்கேள்வி என்னை வந்தடைந்தது.

நறுநீரும் கைப்புநீரும்

என் தமக்கையின் மகன் தொழில் நிமித்தம் சுரபாயா நகரில் இரண்டாண்டுகள் தங்கியிருந்தான். "மாமா, நீங்கள் புத்தகத்திற் படிப்பித்ததையெல்லாம் இங்கே நேரிற் பார்க்கலாம், வாருங்கள்" என்று எழுதியிருந்தான். அந்த ஒரு வாக்கியமே என்னைக் கிளப்பிற்று.

தமிழருக்கு யாவா புதிய பெயரன்று. மணிமேகலை கூறும் சாவக நாடு இதுவே என்பது ஆராய்ச்சியாளர் பலரின் கருத்து. அந்நாட்டில் மழை பொய்த்து உயிர்கள் பசியால் மடிகின்றன என்று கேள்வியுற்ற ஆபுத்திரன், அமுதசுரபியுடன் கப்பலேறி, இடைவழியில் மணிபல்லவத்திலே தனித்து விடப்பட்டான் என்பது கதை. மணிபல்லவம் நமது நயினாதீவே எனக் கொள்வாரும் உளர். நயினாதீவுக்கு எத்தனையோ முறை வள்ளமேறிச் சென்றவன் நான். பசி தீர்க்கப் புறப்பட்டவன் அப்பிறப்பிற் போய்ச் சேராத நாட்டிற்கு, வேடிக்கை பார்க்கப் புறப்பட்ட நான் எளிதாகப் போய்ச் சேர்ந்தேன்.

சுரபாயாவிலிருந்து கிழக்கு நோக்கிச் செல்லும் புகைவண்டி நெல்வயல்களையும் கரும்புத் தோட்டங்களையும் ஊடறுத்துக்கொண்டு, பன்யுவாங்கி என்னும் ஊரில் எங்களை இறக்கிவிட்டது. யாவா மொழியில் 'பன்யு' என்றால் நீர். 'வாங்கி' என்றால் நறுமணம். இப்பெயருக்கு ஒரு கதை உண்டு. ஸ்ரீ தஞ்சுங் என்பவளின் கற்பில் ஐயங்கொண்ட கணவன் அவளைக் கொன்றான். அவள் உடல் வீழ்ந்த நீர் மணம் வீசத் தொடங்கிற்று. அதனால் அவள் மாசற்றவள் என்பதை அவன் காலங்கடந்து அறிந்தான். இக்கதை கேட்ட தமிழ் வாசகனுக்கு எந்தெந்தக் கதைகள் நினைவுக்கு வரும் என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை.

அந்த ஊருக்கு மேலே எழுந்து நிற்கும் இஜென் மலையிலிருந்து மறுபுறமாக வேறோர் ஆறு இறங்குகிறது. அதன் பெயர் பன்யுபாகித். கைப்பு நீர் என்பது பொருள். எரிமலையின் வாயிலே தேங்கி நிற்கும் அமில ஏரியிலிருந்து கசிந்து வருவதால் அந்நீர் கைக்கின்றது. ஒரே மலையின் இரு பக்கங்களில் ஒன்று நறுநீர், மற்றையது கைப்புநீர். பெயர் வைத்த முன்னோர் அறியாமல் வைக்கவில்லை.

தீயின் மேல் ஒரு தேசம்

நமது நாடு மிகப் பழைய பாறைமேல் அமைந்தது. எரிமலை என்பது நமக்குப் படத்திற் காணும் பொருள். இந்தோனீசியாவின் நிலைமை வேறு. அங்கு உயிருள்ள எரிமலைகள் நூற்றுக்கு மேற்பட்டவை. இந்து சமுத்திரத்தின் அடித்தளப் பாறைத்தட்டு, ஆண்டுக்குச் சில சதமமீற்றர் வீதம் நகர்ந்து, அத்தீவுகளைத் தாங்கும் தட்டின்கீழ்ப் புகுகின்றது. அவ்வாறு அமிழும் தட்டிலிருந்து வெளியேறும் நீர், மேலுள்ள சூடான பாறையின் உருகுநிலையைக் குறைக்கின்றது. உருகிய குழம்பு மேலெழுந்து எரிமலையாகின்றது. இது தூரதேசத்துச் செய்தி என்று நாம் இருந்துவிட முடியாது. 2004 ஆம் ஆண்டு டிசெம்பர் 26 ஆந் திகதி நமது கிழக்குக் கரையையும் வடகரையையும் தெற்கையும் வாரிக்கொண்டு சென்ற ஆழிப்பேரலை, அதே தட்டெல்லையின் சுமாத்திராப் பகுதி சறுக்கியதால் எழுந்ததே.

இஜென் என்பது ஒரு தனிமலையன்று. ஏறத்தாழ இருபது கிலோமீற்றர் அகலமுள்ள பழைய பெருவாய் ஒன்று. அதன் உட்புறத்தும் விளிம்பிலுமாகப் பல மலைகள். நடுவே கோப்பித் தோட்டங்கள். இவற்றுள் இன்றும் புகைந்துகொண்டிருக்கும் வாயையே 'காவா இஜென்' என்கின்றனர். 1817 இல் அது பெரிதாக வெடித்தது. அண்மைக் காலத்தில் எரிகுழம்பு வழிந்தோடவில்லை. ஆனால் அதன் மூச்சு நின்றபாடில்லை. 2018 மார்ச்சில் ஓரிரவு வெளிப்பட்ட நச்சுவாயுவினால் ஏறத்தாழ முப்பது பேர் மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லப்பட்டனர்; நூற்றுக்கணக்கானோர் வீடுகளை விட்டு அகன்றனர்.

மூன்று விதிகள்

நள்ளிரவு கடந்து இரண்டு மணிக்குப் பல்துடிங் என்னும் மலையடிச் சாவடியில் எங்கள் வழிகாட்டி காத்திருந்தார். அவ்விடமே கடல்மட்டத்துக்கு மேல் 1,850 மீற்றர். மார்கழி மாதத்து நுவரெலியாக் குளிர். வழிகாட்டிக்கு நாற்பது வயதிருக்கலாம், குள்ளமானவர், அகன்ற தோள். என்னைப் 'பாக்' என்று அழைத்தார். அது தந்தையைக் குறிக்கும் சொல்லின் சுருக்கமாம். நான் அவரை 'மாஸ்' என்று அழைக்கவேண்டும் என மருமகன் சொல்லித் தந்தான். அண்ணன் என்பது போன்றதொரு மரியாதைச் சொல் அது.

புறப்படுமுன் அவர் மூன்று விதிகள் சொன்னார். சொற்கள் தட்டுத்தடுமாறிய ஆங்கிலத்தில் வந்தன, பொருள் தட்டுத்தடுமாறவில்லை.

"புகை வந்தால் ஓடவேண்டாம்; குனிந்து நில்லுங்கள்; காற்று மாறும். ஒதுங்கும்போது மலைப்பக்கமாக ஒதுங்குங்கள். பள்ளத்துப் பக்கமாக ஒதுங்கவேண்டாம். சுமையோடு வருகிறவருக்கு எப்பொழுதும் வழி விடுங்கள். நடந்துகொண்டிருக்கும்வரை சுமை இலேசு. நின்றால் அது மலை."

முதலிரண்டும் எங்கள் நன்மைக்கானவை. மூன்றாவது பிறர் நன்மைக்கானது. முதலிரண்டை நான் கவனமாக மனத்திற் பதித்துக்கொண்டேன்.

வாயின் விளிம்புவரை மூன்று கிலோமீற்றர் ஏற்றம். பாதை அகலமானது, ஆனால் செங்குத்தானது. காலடியில் மணல் சறுக்கிற்று. இரு சில்லுக் கைவண்டிகளை இழுத்துக்கொண்டு சிலர் எங்களைத் தாண்டிச் சென்றனர். களைத்தவர்களைப் பார்த்து "டாக்சி, டாக்சி" என்று புன்முறுவலுடன் கூவினர். கூலி கொடுத்தால் ஆளை ஏற்றி இழுத்துச் செல்வர். இறங்கும்பொழுது அதே வண்டியிற் கந்தகம் ஏற்றுவர். "என் காலத்தில் இவ்வண்டி இல்லை, வாயின் அடியிலிருந்து சாவடிவரை முழுத்தூரமும் தோள்தான்" என்றார் வழிகாட்டி. அப்பொழுதுதான் அவரும் கந்தகம் சுமந்தவர் என்று தெரிந்தது. பன்னிரண்டு ஆண்டுகள் சுமந்தாராம்.

நீலச் சுடர்

நான்கு மணியளவில் விளிம்பை அடைந்தோம். கீழே இருள், இருளினுள்ளே எங்கோ ஒரு நீலப் பொட்டு. கீழே இறங்குவது ஆபத்தானது என்று எச்சரிக்கும் பலகையொன்று அங்கே நின்றது. "மாமா, இறங்க வேண்டாம், இங்கே நின்றே பார்ப்போம்" என்றான் மருமகன். வழிகாட்டி என் முகத்தை மின்சூளின் ஒளியிற் பார்த்தார். காற்று இன்று நல்லது என்றார். ஆனால் முடிவு உங்களுடையது என்றார். நீலப் பொட்டு என்னை இழுத்தது. அலுமாரிப் போத்தலில் இருந்த பொருள் தன் வீட்டில் எப்படி வாழ்கிறது என்று பார்க்காமற் போவதா? இறங்கினேன்.

இருநூறு மீற்றர் ஆழத்துக்கு அது பாதையன்று, பாறைகளின் குவியல். வாடகைக்குப் பெற்ற முகமூடியை வழிகாட்டி என் முகத்திற் பொருத்தி, வாரை இறுக்கிவிட்டார். ஒவ்வொரு கல்லிலும் காலை எங்கே வைப்பதென்று தம் விளக்கொளியாற் காட்டினார். அவர் முதலிற் கற்ற ஆங்கிலச் சொல் 'மெதுவாக' என்பதாம்.

கீழே கண்டதை எப்படிச் சொல்வேன்? நிலத்தின் பிளவுகளிலிருந்து, சில இடங்களில் 600 பாகை வெப்பத்தை எட்டும் கந்தக வாயு பீறிட்டு வருகின்றது. வளியின் ஒட்சிசனைத் தொட்டதும் தானே தீப்பற்றுகின்றது. ஆளுயரத்துக்கும் மேலாக நீலச் சுவாலை எழுந்து, சாய்ந்து, மீண்டும் எழுந்தது. வாயுவின் ஒரு பகுதி குளிர்ந்து திரவக் கந்தகமாகி எரிந்தபடியே சரிவில் வழிந்தது. நீலநிற ஓடையொன்று ஒலியின்றி ஓடியதுபோல் இருந்தது. எரிகுழம்பே நீலமாக ஓடுகிறது என்று எண்ணுவாரும் உளர், அது தவறு. எரிவது கந்தகம். பகலிலும் அது எரிந்துகொண்டுதான் இருக்கின்றது. சூரியன் வந்தவுடன் நம் கண்ணுக்குத் தெரிவதில்லை.

முப்பத்திரண்டு ஆண்டுகள் 'நீலச் சுவாலையுடன் எரியும்' என்று நான் சொன்ன மூன்று சொற்கள் அங்கே நின்று எரிந்தன. சிறு பிள்ளைபோல் மகிழ்ந்தேன் என்பதை மறைக்க மாட்டேன்.

பின்னர்தான் மனிதரைக் கண்டேன். வாயுவைக் குழாய்கள் வழியாகச் செலுத்திக் குளிர்விக்கின்றனர். குழாயின் வாயிலிருந்து கந்தகம் செம்மஞ்சட் குழம்பாகச் சொட்டுகின்றது. ஆறியதும் மஞ்சளாக உறைகின்றது. அதனை இரும்புக் கோலால் உடைத்து, மூங்கிற் காவுதடியின் இருபுறமும் தொங்கும் கூடைகளில் நிரப்புகின்றனர். பலருக்கு முகமூடி இல்லை. நனைத்த துணியைப் பல்லாற் கவ்விக்கொண்டு வேலை செய்தனர். ஒரு சுமை எழுபது முதல் தொண்ணூறு கிலோ. சுமப்பவர்களோ பெரும்பாலும் அவ்வளவு நிறையற்றவர்கள்.

வழி மறித்தவன்

ஏறத் தொடங்கிப் பாதி வழி வந்திருப்போம். காற்றுத் திசை மாறிற்று.

வெண்புகை சுவர்போல வந்து மூடியது. விளக்கின் ஒளி கையளவுக்கு மேற் செல்லவில்லை. கண் எரிந்தது. முகமூடிக்குள் மூச்சு முட்டவே, அறிவு கெட்டவனாய் அதனை இழுத்து நீக்கினேன். கந்தகவீரொட்சைட்டு தொண்டையின் ஈரத்தோடு சேர்ந்து அமிலமாகும் என்பதைக் கரும்பலகையில் நூறு முறை எழுதியவன் நான். சூத்திரம் நினைவிலிருந்தது, மூச்சு வரவில்லை. குனிந்து நில்லுங்கள் என்ற விதியை மறந்தேன். இரு பாறைகளுக்கு நடுவே ஓராள் மட்டும் செல்லக்கூடிய படியில், ஒரு பாறையை இரு கைகளாலும் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றுவிட்டேன்.

எனக்குப் பின்னால் மூங்கில் முனகும் ஒலி கேட்டது. கிரீச், கிரீச் என்று நடையோடு இசைந்து வந்த அவ்வொலி என் முதுகுக்குப் பின்னால் வந்து நின்றது. திரும்பிப் பார்த்தேன். ஒருவர் தோளிற் காவுதடியுடன் நின்றார். சுமையை இறக்கி வைக்க அங்கு இடமில்லை. என்னைத் தாண்டவும் வழியில்லை. வாயிற் கவ்விய துணிக்கு மேலே இரு கண்கள் மட்டும் தெரிந்தன. அக்கண்களிற் சினம் இல்லை. அவர் ஒன்றும் சொல்லவில்லை. முழங்கால்கள் நடுங்கியபடி, நச்சுப் புகையிலே, எனக்காகக் காத்து நின்றார்.

எவ்வளவு நேரம் என்று எனக்குத் தெரியாது. அரை நிமிடமாக இருக்கலாம். வழிகாட்டி என் விரல்களை ஒவ்வொன்றாகப் பாறையிலிருந்து பிரித்து, முகமூடியை மீண்டும் பொருத்தி, என்னை மலைப்பக்கமாகத் திருப்பி அணைத்துக்கொண்டார். மூங்கில் மீண்டும் முனகிற்று. என்னைக் கடந்து செல்லும்பொழுது அம்மனிதர் துணிக்குள்ளிருந்து இரண்டு சொற்கள் சொன்னார்: "தெரிமா காசி." நன்றி என்று பொருள்.

வழி மறித்து நின்ற எனக்கு, வழி விட்டதற்காக, அவர் நன்றி சொல்லிச் சென்றார்.

சீனியின் வெண்மை

விளிம்பை அடைந்தபொழுது கிழக்கு வெளுத்திருந்தது. கீழே ஏரி தெரிந்தது. ஒரு கிலோமீற்றர் நீளம். ஏறத்தாழ இருநூறு மீற்றர் ஆழம். இளநீலமும் பச்சையும் கலந்த நிறம். அமிலத் தன்மையில் அது எலுமிச்சஞ் சாற்றினும் பல மடங்கு கொடியது. உலகிலுள்ள கடும் அமில ஏரிகளில் மிகப் பெரியது அதுவே. பிரெஞ்சு நாட்டு எரிமலை ஆராய்ச்சியாளர் மொரிஸ் கிராப்ட் இந்த ஏரியில் இறப்பர்ப் படகேறிச் சென்றவர். அவரும் அவர் மனைவி கத்தியாவும் 1991 ஆம் ஆண்டு ஜூன் 3 ஆந் திகதி யப்பானின் உன்சென் எரிமலையில் உயிர் துறந்தனர். அறிவுக்காக எரிமலையில் இறங்கியவர்கள் அவர்கள். சோற்றுக்காக இறங்குகிறவர்களை இரவு முழுவதும் கண்டேன். வேடிக்கைக்காக இறங்கியவன் நான் ஒருவனே. மூவருக்கும் மலை ஒன்றுதான், புகையும் ஒன்றுதான்.

வழிகாட்டி குடுவையிலிருந்து சூடான கோப்பி ஊற்றித் தந்தார். அந்நாட்டு வழக்கப்படி சீனி மிகுதி. தொண்டைக்கு இதமாக இருந்தது. "கந்தகம் இங்கிருந்து எங்கே போகிறது?" என்று கேட்டேன். என் வாழ்நாளில் அக்கேள்வியைக் கேட்டது அதுவே முதன்முறை.

அவர் என் கையிலிருந்த கோப்பையைச் சுட்டிக்காட்டினார். "அதற்குள்ளும் போகிறது, பாக்" என்றார்.

உண்மைதான். கரும்புச் சாற்றை வெளிறச் செய்வதற்குக் கந்தகத்தை எரித்த வாயுவை அதனுட் செலுத்துவர். இறப்பரைப் பதப்படுத்தவும், தீக்குச்சிக்கும், உரத்துக்கும் கந்தகம் வேண்டும். வாயு நிறைந்த சாடிக்குள் ஈரமான செவ்வரத்தம் பூவைப் போட்டு, அது வெளிறுவதைக் காட்டி, மாணவர் வியப்பதைக் கண்டு நானும் மகிழ்ந்திருக்கிறேன். சீனியின் வெண்மைக்குப் பின்னால் ஒரு மனிதனின் பல் கரைகிறது, நெஞ்சு இருமுகிறது என்பதை அச்சாடி காட்டவில்லை.

அவர் சுமந்த காலத்தில் கிலோ ஒன்றுக்கு ஆயிரம் ரூபியா அளவிற் கூலி கிடைத்ததாம். அமெரிக்கக் கணக்கில் ஏழெட்டுச் சதம். நாளுக்கு இரு தடவை இறங்கி ஏறுவார். இருமல் மிகுந்தபொழுது சுமையை விட்டார். வருவோரிடமே சொல் சொல்லாக ஆங்கிலம் பயின்று வழிகாட்டியானார். சட்டையை விலக்கித் தோளைக் காட்டினார். காவுதடி இருந்த இடத்தில் முட்டையளவான தடிப்பொன்று இன்னும் இருந்தது. கீழே எனக்காக நின்றவரைத் தெரியுமா என்று கேட்டேன். "எங்கள் ஊரவர். எட்டு ஆண்டுகள் சேர்ந்து சுமந்தோம்" என்றார்.

வெட்கம் என்னைக் கேட்கச் செய்தது: "எங்களைப் போன்றவர் இங்கே வருவது சரியா, மாஸ்?"

அவர் சற்று யோசித்தார். "நீங்கள் வருவதால்தான் நான் சுமக்காமல் இருக்கிறேன். வாருங்கள். பார்க்கத் தெரிந்தால் மட்டும் போதாது, ஒதுங்கவும் தெரியவேண்டும்" என்றார்.

எத்தனையோ கல்வி மாநாடுகளில் அமர்ந்திருக்கிறேன். இதனினும் சுருக்கமாக எவரும் எனக்குக் கற்பித்ததில்லை.

குறிப்பேட்டில் ஓர் எண்

அதன்பின் உலகம் இஜென் மலையை மேலும் அறிந்திருக்கிறது. 2023 இல் யுனெஸ்கோ அதனை உலகப் புவியியற் பூங்காக்களுள் ஒன்றாக ஏற்றது. 2024 ஏப்பிரலில், படம் பிடிக்க நின்ற பெண்ணொருவர் விளிம்பிலிருந்து வீழ்ந்து இறந்தார். வாயு மிகும் காலங்களில் உள்ளே இறங்குவதை அரசினர் தடுக்கின்றனர். செல்ல விரும்பும் இளைஞர் அத்தடையை மதிப்பார்களாக. வழிகாட்டியின் சொல்லை மீறாதிருப்பார்களாக.

மலையடியில், உருக்கிய கந்தகத்தை அச்சில் வார்த்துச் செய்த சிறு ஆமையொன்றை வாங்கினேன். எரியக்கூடிய பொருளை விமானத்திற் கொண்டுவரலாகாது என்பதால், அதனை மருமகனின் மேசையிலேயே விட்டுவந்தேன். வேறொன்றைக் கொண்டுவந்தேன்.

மாலையில் அயலிலுள்ள பிள்ளைகள் சிலர் பாடங்கேட்க என் வீட்டுத் திண்ணைக்கு வருவதுண்டு. கந்தகம் என்ற பாடம் வரும்பொழுது, இப்பொழுதெல்லாம் நான் சீமெந்து மூட்டையிலிருந்து தொடங்குகிறேன். ஒரு மூட்டை ஐம்பது கிலோ. அதனோடு இன்னும் அரை மூட்டைக்கு மேலாகச் சேர்த்து ஒரு தோளில் ஏற்றி, புகையினூடே மலையேறும் ஒருவரை நினைத்துக்கொள்ளுங்கள் என்கிறேன். பின்னர்தான் போத்தலைக் காட்டுகிறேன். பிள்ளைகள் குறிப்பேட்டில் எழுதுகின்றனர்: அணுவெண் 16, சாரணுத்திணிவு 32, உருகுநிலை 115 பாகை, ஒரு சுமை 80 கிலோ.

"சேர், கடைசி எண் சோதினைக்கு வருமா?" என்று சென்ற மாதம் ஒரு சிறுமி கேட்டாள்.

"வராது, எழுதிக்கொள்" என்றேன்.